இளங்கோவன் வசனம்: காதால் கேட்டவர்கள் வாருங்கள்

கொட்டகைக்காரன்:

போன ஞாயிற்றுக்கிழமை ‘அசோக் குமார்’ (1941) மறுபடி பார்த்தேன். எம்.கே. தியாகராஜ பாகவதர் பாட்டுக்காகத்தான் உட்கார்ந்தேன். ‘பூமியில் மானிட ஜென்மம்’ வரும் இடத்துக்கு ஓட்டிவிடலாம் என்று கையில் ரிமோட்டை வைத்திருந்தவன், ஓட்டவே இல்லை. அசோகராக வரும் நாகையாவும், திஷ்யரட்சிதையாக வரும் கண்ணாம்பாவும் பேசுகிற இடங்கள் பிடித்து உட்காரவைத்துவிட்டன. இரண்டு பேருக்கும் தாய்மொழி தெலுங்கு. உச்சரிப்பில் அந்த வாடை இருக்கிறது, ஆனால் வாக்கியம் எங்கும் இடறவில்லை. அந்த நாக்குகளுக்குத் தோதாக ஒருவர் சொல்லைச் செதுக்கிக் கொடுத்திருக்கிறார். அவர்தான் இளங்கோவன்.

பழைய படங்களைப் பற்றிப் பேசும்போதெல்லாம் பாகவதர், பி.யு. சின்னப்பா, பாபநாசம் சிவன், கலைவாணர் என்.எஸ்.கே. என்று வரிசையாகச் சொல்கிறோம். வசனம் என்றால் நேராகப் ‘பராசக்தி’க்குத் தாவிவிடுகிறோம். நடுவில் பதினைந்து வருஷம் இருக்கிறது. அந்தப் பதினைந்து வருஷத்தில் தமிழ்ப் படம் எப்படிப் பேசக் கற்றுக்கொண்டது என்பதற்கு இவர் ஒருவரே பெரிய சாட்சி.

இயற்பெயர் தணிகாசலம். செங்கல்பட்டுக்காரர். ‘மணிக்கொடி’யில் எழுதியவர். 1933-இல் கு. சீனிவாசன், வ.ரா., டி.எஸ். சொக்கலிங்கம் மூவரும் தொடங்கிய பத்திரிகை அது. 1935-க்குப் பிறகு பி.எஸ். ராமையா கையில் சிறுகதைக்கென்றே ஆனது. தமிழ் உரைநடையை எப்படி இறுக்கலாம், எங்கே முறிக்கலாம், எதைச் சொல்லாமல் விடலாம் என்று மண்டையை உடைத்துக்கொண்டிருந்த கூட்டம். அந்தக் கூட்டத்திலிருந்து ஒருவர் சினிமாவுக்குப் போகிறார் என்றால் கையோடு என்ன கொண்டு போயிருப்பார் என்று யோசித்துப் பாருங்கள்.

அவர் போன சமயத்தில் படம் எப்படி இருந்தது? பாகவதரின் முதல் படம் ‘பவளக்கொடி’ (1934). ஐம்பது பாட்டு. பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவே ‘நாதா’, ‘பிரபோ’ என்று நாலு வார்த்தை. புராணப் படம் என்றால் பாதி சமஸ்கிருதம், சமூகப் படம் என்றால் ஒரு சாதி வீட்டுப் பேச்சு. அதைக் குறை சொல்லவில்லை. நாடக மேடையிலிருந்து அப்படியே வந்த வழக்கம் அது. ஆனால் 1937-இல் ‘அம்பிகாபதி’ வந்தபோது வசனத்துக்காகவும் ஜனங்கள் படத்தைப் பேச ஆரம்பித்தார்கள்.

பிறகு ‘திருநீலகண்டர்’ (1939), ‘அசோக் குமார்’ (1941), ‘கண்ணகி’ (1942), ‘சிவகவி’ (1943), ‘மகாமாயா’ (1944), ‘ஹரிதாஸ்’ (1944). பாகவதருக்கும் சின்னப்பாவுக்கும் ரசிகர்கள் இரண்டு கட்சியாக நின்ற காலம். இரண்டு பேருக்கும் எழுதியவர் இவர். அது ஒன்றே போதும் எனக்கு.

இவர் வசனத்தைக் காதால் கேட்டவர்கள், மனப்பாடமாக வைத்திருக்கும் வீட்டுப் பெரியவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள்.


சேலத்துக்காரி:

நல்ல இழை அண்ணா. ‘அம்பிகாபதி’ பற்றி ஒரு விஷயம் சேர்க்கிறேன். இயக்குநர் எல்லிஸ் ஆர். டங்கன் அமெரிக்கர். 1935-இல் வந்தவர். தமிழ் தெரியாது. காதல் காட்சிகளுக்கு ‘ரோமியோ ஜூலியட்’டில் இடங்களைக் குறித்துக் கொடுத்து, இது மாதிரி வேண்டும் என்று இளங்கோவனிடம் சொல்லியிருக்கிறார். இவர் அதைத் தமிழில் கொண்டுவந்தார்.

யோசித்தால் ஆச்சரியமாக இருக்கிறது. கம்பர் மகன் கதை. நூறு பாட்டு சிற்றின்பம் கலக்காமல் பாடினால் இளவரசி அமராவதி கிடைப்பாள், தவறினால் தலை போகும். கடவுள் வாழ்த்தையும் கணக்கில் சேர்த்துக்கொண்டு அவள் வெளியே வந்துவிட, தொண்ணூற்றொன்பதோடு முடிகிறது. சின்ன வயதில் இந்தக் கதையைக் கேட்டுவிட்டு இரண்டு நாள் நான் சரியாகச் சாப்பிடவில்லை. இதற்குள் வெரோனா நகரத்து உப்பரிகையைக் கொண்டுவந்து வைத்தால் ஒட்ட வேண்டுமே. ஒட்டியது. காரணம், சொல் உள்ளூர்ச் சொல்லாக இருந்தது.

தமிழ் தெரியாத இயக்குநர் என்பது வசனகர்த்தாவுக்கு ஒரு விதத்தில் நல்லதாகவே அமைந்திருக்கும் என்று எனக்குத் தோன்றும். அர்த்தம் புரியாதவருக்கு ஓசை மட்டும்தானே காதில் விழும்? இழுவையாக இருந்தால் முதலில் அவருக்குத்தான் தெரியும்.

இன்னொன்று. பதின்மூன்று வருஷம் கழித்து இதே டங்கன் எங்கள் ஊர் மாடர்ன் தியேட்டர்ஸில் ‘மந்திரி குமாரி’ (1950) எடுத்தார். வசனம் மு. கருணாநிதி. இரண்டு தலைமுறை வசனகர்த்தாக்களுக்கும் வாசல் திறந்துவிட்ட படங்களில் ஒரே ஆள் கேமரா பக்கத்தில் நிற்கிறார்.


ரீல்பெட்டி:

எல்லாரும் மன்னிக்கணும், நான் கொஞ்சம் மாற்றிச் சொல்றேன். வசனம்தான் தமிழ் சினிமாவை ரொம்ப நாள் படமா ஆகவிடாம பிடிச்சு வெச்சதுன்னு நான் நம்பறேன். கேமரா சும்மா நிக்குது, ரெண்டு பேர் நேரா நின்னு பேசறாங்க. கண்ணை மூடிக்கிட்டே கதையைப் புரிஞ்சுக்கலாம்னா அது எதுக்குப் படம்? இளங்கோவன் நல்லா எழுதினார்னு ஒத்துக்கறேன். ஆனா அவர் நல்லா எழுதினதாலதான் அந்தப் பழக்கம் வேர் விட்டுச்சு. அப்புறம் வந்தவங்க அதை இன்னும் நீட்டினாங்க.

அதோட, நல்ல தமிழ்ல பேசவெச்சது திராவிட இயக்க எழுத்தாளர்கள்தானே? ‘வேலைக்காரி’, ‘பராசக்தி’. கருணாநிதி முதல் படமே ‘பராசக்தி’. அதுக்கு முன்னாடி யாரும் அப்படி எழுதலையே.


கொட்டகைக்காரன்:

தம்பி, முதலில் ஒரு திருத்தம். ‘பராசக்தி’ வந்தது 1952 தீபாவளிக்கு, அக்டோபர் 17. அதற்கு ஐந்து வருஷம் முன்னாலேயே ‘ராஜகுமாரி’ (1947) வந்துவிட்டது. அதில் வசனம் ஏ.எஸ்.ஏ. சாமி, உதவி மு. கருணாநிதி என்று போட்டார்கள். பிறகு ‘அபிமன்யு’ (1948), ‘மருதநாட்டு இளவரசி’, ‘மந்திரி குமாரி’ (இரண்டும் 1950). அண்ணாவின் ‘நல்லதம்பி’யும் ‘வேலைக்காரி’யும் 1949. ‘கண்ணகி’ 1942. கணக்கு உங்களுக்கே தெரியும்.

கேமரா நின்றுகொண்டிருந்தது என்பது சரிதான். ஆனால் அது வசனகர்த்தா செய்த குற்றம் இல்லை. அன்றைக்குப் பேச்சை செட்டிலேயே நேரடியாகப் பதிவு செய்தார்கள். பாட்டையும் அங்கேயே பாடினார்கள். பின்னணிப் பாட்டு என்ற முறையே 1938-இல் ஏவி.எம்.மின் ‘நந்தகுமா’ரில்தான் தமிழுக்கு வருகிறது. மைக் எங்கே மறைந்திருக்கிறதோ அங்கேதான் நடிகர் நிற்க முடியும். நகர்ந்தால் குரல் போய்விடும். நடிகர் நகர முடியாத இடத்தில் வாக்கியத்தைத்தான் நகர்த்த வேண்டும். இளங்கோவன் செய்தது அதுதான் என்று எனக்குப் படுகிறது.

நல்ல தமிழ் விஷயத்தில், யார் முதல் என்று போட்டி வைப்பது எனக்குப் பிடிக்காது. ஆனால் வேறுபாடு ஒன்று இருக்கிறது. ‘பராசக்தி’ நீதிமன்றக் காட்சியில் நாயகன் குணசேகரன் நீதிபதியைப் பார்த்துக்கொண்டு கொட்டகையில் உட்கார்ந்திருக்கிற நம்மிடம் பேசுகிறான். அதற்காகவே எழுதப்பட்டது, அதில் அதற்கு நிகர் இல்லை. இளங்கோவன் பாத்திரங்கள் எதிரே நிற்கிற ஆளிடம் பேசுகின்றன. நாம் பக்கத்தில் நின்று கேட்கிறோம். அலங்காரம் இருக்கும், அடுக்கு இருக்கும், ஆனால் பார்வை திரும்பாது. இதைத்தான் எல்லாரும் கேட்க வேண்டும் என்று நான் சொல்வது.


சாக்பீஸ்:

நான் முப்பத்தோரு வருடம் தமிழாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவள். சினிமா பற்றி உங்கள் அளவுக்குத் தெரியாது. ‘கண்ணகி’ என்றதும் ஒன்று சொல்லலாம் என்று வந்தேன்.

சிலப்பதிகாரத்தில் கண்ணகி அரசனிடம் நீதி கேட்கும் வழக்குரை காதையைப் படமாக்குவது எளிது என்று நினைக்கிறார்கள். ஏனென்றால் இளங்கோவடிகளே அதை நாடகமாகத்தான் எழுதியிருக்கிறார். கண்ணகி வாயிலில் நிற்கிறாள்.

‘வாயிலோயே வாயிலோயே
அறிவறை போகிய பொறியறு நெஞ்சத்து
இறைமுறை பிழைத்தோன் வாயிலோயே’

காவலனை மூன்று முறை கூப்பிடுகிறாள். மூன்றாவது முறை கூப்பிடுவதற்குள் அரசன் மீது தீர்ப்பே எழுதிவிடுகிறாள். உள்ளே போனதும் அரசன் கேட்பது, ‘நீர்வார் கண்ணை எம்முன் வந்தோய் யாரையோ நீ மடக்கொடியோய்’. கனிவாகத்தான் கேட்கிறான். அதற்கு வருகிற பதில்:

‘தேரா மன்னா செப்புவது உடையேன்’

இதை வகுப்பில் ஒவ்வொரு ஆண்டும் பெண்பிள்ளைகளை எழுந்து நின்று சொல்லச் சொல்வேன். தே, ரா, இரண்டும் நெடில். வாய் தானாகத் திறக்கும். அடுத்தது ‘மன்’ என்று மூடி ‘னா’ என்று மறுபடி திறக்கும். மெதுவாகப் பேசும் பிள்ளைகூட இந்த இரண்டு சொல்லை மெதுவாகச் சொல்ல முடியாது. ஆராயாத அரசனே என்று பொருள் சொல்லிவிடலாம், அந்த வாய்த் திறப்பை எந்த உரையிலும் சொல்ல முடியாது.

பிறகு வழக்கு. ‘என்காற் சிலம்பு மணியுடை அரியே’ என்கிறாள். ‘யாமுடைச் சிலம்பு முத்துடை அரியே’ என்கிறான். அரி என்பது சிலம்புக்குள் இருக்கும் பரல். ஒரே வாய்பாடு, ஒரு சொல்தான் மாறுகிறது. மணி, முத்து. அவ்வளவுதான் வழக்கு. சிலம்பு உடைகிறது, மணி தெறிக்கிறது, அரசன் ‘யானோ அரசன் யானே கள்வன்’ என்று சொல்லி வீழ்கிறான்.

இப்போது வசனகர்த்தாவின் இடத்தில் நின்று பாருங்கள். மூலத்தை அப்படியே பேசவைத்தால் 1942-இல் கொட்டகைக்கு வந்தவர்களில் முக்கால்வாசிப் பேருக்குப் புரியாது. மேடையில் அவர்கள் பார்த்தது சங்கரதாஸ் சுவாமிகளின் ‘கோவலன்’ நாடகத்தை. தெருக்கூத்தில் பார்த்தது கோவலன் கதையை. அங்கே கண்ணகி காளியின் அவதாரம். வேறு வேகம், வேறு மொழி. சிலப்பதிகாரத்தின் வீச்சும் குறையக்கூடாது, கூத்து பார்த்தவனுக்கும் புரிய வேண்டும். உரைநடையில் அதைச் செய்ய வேண்டும், யாப்பு துணைக்கு வராது. என் அம்மா படிக்காதவர். கண்ணாம்பா பேசிய கண்ணகியைத்தான் அவருக்குத் தெரியும். நான் கல்லூரியில் மூலத்தைப் படித்துவிட்டு வந்து சொன்னபோது ‘அதான் கண்ணாம்பா சொல்லிட்டாளே’ என்றார். எனக்கு அப்போது கோபம் வந்தது. இப்போது அதைவிடப் பெரிய பாராட்டு ஒரு வசனகர்த்தாவுக்குக் கிடைக்குமா என்று நினைக்கிறேன்.

கொட்டகைக்காரன் சார் சொன்ன ஒன்றில் எனக்கு உடன்பாடு இல்லை. பார்வை திரும்பாது என்கிறீர்கள். கண்ணகியின் பேச்சு அரசனுக்கு மட்டுமானது இல்லை. ‘இறைமுறை பிழைத்தோன்’ என்பது ஊருக்கும் கேட்கத்தான். அந்தக் காட்சியை எழுதுகிற யாரும் இரண்டு பக்கமும் பேசித்தான் ஆக வேண்டும்.


கொட்டகைக்காரன்:

அம்மா, நீங்கள் சொல்வது சரி. ‘கண்ணகி’யை என் விதியிலிருந்து எடுத்துவிடுகிறேன். ‘அசோக் குமார்’, ‘ஹரிதாஸ்’ இரண்டையும் மனதில் வைத்துப் பேசிவிட்டேன்.


ஒலிக்கூடம்:

டப்பிங் பேசுவது என் தொழில். பதினெட்டு வருஷமாகிறது. இழையைப் படித்துவிட்டு ‘கண்ணகி’யின் வழக்குரைக் காட்சியைத் தலையில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு படத்தைப் பார்க்காமல் கேட்டேன். நான்கு தடவை.

எனக்குப் பட்டதைச் சொல்கிறேன். நீளமான வசனத்தில் ஆளைக் கொல்வது சொல்லின் கடினம் இல்லை, மூச்சு எடுக்க இடம் இல்லாததுதான். எழுதுகிறவர் மேசையில் உட்கார்ந்து எழுதும்போது மூச்சு தடையில்லாமல் போய்க்கொண்டிருக்கும், அதனால் தெரியாது. மைக் முன்னால் நின்றால் மூன்றாவது வரியில் தெரிந்துவிடும். இன்றைக்கும் எனக்கு வருகிற தாள்களில் பாதியை நான் பென்சிலால் கோடு போட்டு வெட்டித்தான் பேசுகிறேன்.

கண்ணாம்பா பேசும்போது மூச்சு எடுக்கிற சத்தம் எனக்குக் கேட்கிறது, பழைய பதிவாக இருந்தாலும். அது எடுக்கிற இடமெல்லாம் அர்த்தம் முடிகிற இடம். நடுவில் ஒரு இடத்தில்கூட வாக்கியத்தை முறித்து மூச்சு வாங்கவில்லை. நடிகையின் திறமை அது, சந்தேகமில்லை. ஆனால் வாக்கியம் இடம் கொடுக்காவிட்டால் எந்தத் திறமையாலும் அப்படிப் பேச முடியாது. இதைத் தொழில்காரியாக அடித்துச் சொல்வேன்.

‘ரீல்பெட்டி’க்கு ஒன்று. கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் புரிகிறது என்பதைக் குறையாகச் சொன்னீர்கள். என் பாட்டி வீட்டில் வானொலியில் ஒலிச்சித்திரம், அதாவது படத்தின் வசனமும் பாட்டும் மட்டும், போட்டால் தெருவே திண்ணையில் உட்கார்ந்திருக்கும். படம் வந்து சேராத ஊர்களுக்கு வசனம் போய்ச் சேர்ந்தது. அது ஒரு கலை இல்லையா?


பாய்ஸ்கம்பெனிபேரன்:

எங்கள் தாத்தா சின்ன வயதில் ஒரு பாய்ஸ் கம்பெனியில், அதாவது சிறுவர்களை வைத்து நாடகம் போடும் குழுவில், இருந்தவர். பி.யு. சின்னப்பா, எம்.ஜி.ஆர். எல்லாம் அப்படிப்பட்ட கம்பெனிகளில் வளர்ந்தவர்கள்தான். தாத்தா சொல்வது இது. வாத்தியார் பாடம் கொடுப்பார். விடிகாலையில் எழுப்பி, எதிரே உட்காரவைத்து, ஒரு வரி அவர் சொல்ல, ஒரு வரி இவர்கள் சொல்ல. அர்த்தம் பிறகு. முதலில் சத்தம். கடைசி வரிசைத் தரை டிக்கெட்டுக்காரனுக்குக் கேட்க வேண்டும், மேடையில் மைக் கிடையாது. அதனால் ஒவ்வொரு வாக்கியமும் கடைசியில் நீளும். ‘வந்தேனே’, ‘சொல்வாயே’ என்று இழுத்து எறிவார்கள்.

அப்படிப் பழகிய தொண்டையை மைக் முன்னால் கொண்டுவந்து நிறுத்தினால் என்ன ஆகும்? முதல் பத்து வருஷப் படங்களில் நாம் கேட்பது அந்த எறிகிற குரலைத்தான். இழுக்க இடமில்லாமல் சொல்லில் சட்டென்று முடிகிற வாக்கியத்தைக் கொடுத்தால்தான் அந்தப் பழக்கம் போகும். சின்னப்பாவின் ஆரம்பப் படங்களையும் ‘கண்ணகி’யையும் அடுத்தடுத்துக் கேளுங்கள், தெரியும். பழைய மேடைக்காரர்களுக்கு இது கஷ்டமாக இருந்தது என்று தாத்தா சொல்வார். அவரால் கடைசிவரை முடியவில்லை, ஊருக்குத் திரும்பி மளிகைக் கடை வைத்துவிட்டார். கடையில் கணக்கு சொல்லும்போதும் அந்த இழுவை இருக்கும்.


கொட்டகைக்காரன்:

இதற்காகத்தான் இழையைத் தொடங்கினேன். எல்லாருக்கும் நன்றி.

‘ஹரிதாஸ்’ பற்றிச் சொல்லாமல் விட்டால் பாவம். 1944 தீபாவளிக்கு வெளியாகி, சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி கண்ட படம். பாட்டுக்காக ஓடியது என்பார்கள். பாட்டும்தான். ஆனால் காலக்கட்டத்தைப் பாருங்கள். உலகப் போர் நடக்கிறது, கச்சா ஃபிலிம் கப்பலில் வர வேண்டும். ஒரு படம் 11,000 அடிக்கு மேல் போகக்கூடாது என்று அரசாங்கம் கட்டுப்பாடு போட்டுவிட்டது. நிமிஷத்துக்கு 90 அடி என்றால் இரண்டு மணி நேரம் சொச்சம். மூன்றரை மணி நேரப் படம் பார்த்துப் பழகிய ஜனம். பாட்டை வெட்டினால் பாகவதர் ரசிகர்கள் விடமாட்டார்கள். அப்படியானால் எதில் சிக்கனம்? வசனத்தில்.

பக்த விஜயக் கதை. பெற்றோரை மதிக்காமல் தாசி ரம்பாவின் பின்னால் போகிறவன், எல்லாம் இழந்து, கால்களையும் இழந்து, திருந்துகிறான். இவ்வளவையும் இரண்டு மணி நேரத்தில், நடுநடுவே பாட்டு, என்.எஸ்.கே.-மதுரம் நகைச்சுவை எல்லாம் வைத்துச் சொல்ல வேண்டும். இளங்கோவன் என்ன செய்கிறார் என்றால், விளக்கம் சொல்லுகிற வேலையைப் பாத்திரங்களிடமிருந்து எடுத்துவிடுகிறார். ‘நேற்று நடந்ததைக் கேட்டாயா’ வகை வசனம் அனேகமாக இல்லை. ஒரு காட்சியில் நடப்பது அந்தக் காட்சியிலேயே பேசப்படுகிறது. ரம்பாவின் வீட்டுக் காட்சிகளில் டி.ஆர். ராஜகுமாரி பேசுவதைவிடப் பேசாமல் விடுவதுதான் அதிகம். ‘மன்மத லீலை’ பாட்டில் அவர் அனேகமாகப் பேசுவதே இல்லை, ஆனாலும் அந்தப் பெண்ணைப் பற்றி எல்லாம் நமக்குத் தெரிந்துவிடுகிறது. எங்கே வாயை மூடிக்கொள்ள வேண்டும் என்று தெரிந்த வசனகர்த்தாவுக்கு மரியாதை தர வேண்டும். ‘ரீல்பெட்டி’ தம்பி, படம் வேண்டும் என்றீர்களே, இதைப் பாருங்கள்.

அந்தத் தீபாவளிக்கு அடுத்த மாதமே லட்சுமிகாந்தன் கொலை வழக்கு. பாகவதரும் கலைவாணரும் டிசம்பரில் கைதானார்கள். லண்டன் பிரிவி கவுன்சில் வரை மேல்முறையீடு போய், 1947-இல்தான் வெளியே வந்தார்கள். இளங்கோவனின் தமிழை நாடெங்கும் கொண்டுபோன குரல் இரண்டரை வருஷம் சிறையில். வெளியே வந்தபோது காலம் மாறிவிட்டது.


சேலத்துக்காரி:

பாகவதர் வெளியே வந்ததும் எடுத்த ‘ராஜமுக்தி’க்கு (1948) வசனம் எழுதியது புதுமைப்பித்தன். அவரும் மணிக்கொடிக்காரர். அந்தப் பட வேலைக்காகப் புனே போனவர், காசநோய் முற்றித் திரும்பினார். 1948 ஜூன் 30-இல் போய்விட்டார். வயது 42.

மணிக்கொடி என்றால் நமக்குச் சிறுகதை மட்டும்தான் ஞாபகம் வருகிறது. பி.எஸ். ராமையா, இளங்கோவன், புதுமைப்பித்தன் எல்லாரும் ஸ்டூடியோ வாசலை மிதித்தவர்கள். பத்திரிகையில் எழுதி வயிறு நிறையாது என்பது ஒரு காரணம், அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் வயிற்றுக்காகப் போன இடத்திலும் இளங்கோவன் எழுத்தை இளப்பமாக நடத்தவில்லை. புதுமைப்பித்தனை இலக்கியத்துக்காக நினைக்கிறோம், நியாயம். இளங்கோவனை இலக்கியக்காரர்கள் சினிமாக்காரர் என்று விட்டுவிட்டார்கள், சினிமாக்காரர்கள் பழைய ஆள் என்று விட்டுவிட்டார்கள். இது என்னை உறுத்துகிறது.


பேனாக்கட்டை:

வாசித்துக்கொண்டு மட்டும் இருக்கலாம் என்று நினைத்தேன், ஆனால் பெயர் என்ற விஷயம் வந்ததால் எழுதுகிறேன். ஆறு வருடம் முன்பு ஒரு படத்துக்குப் பதினான்கு காட்சி வசனம் எழுதினேன். படம் வெளியான அன்று அம்மா, அப்பா, தம்பி எல்லாரையும் கூட்டிக்கொண்டு போய் முதல் காட்சி உட்கார்ந்தேன். டைட்டிலில் என் பெயர் இல்லை. ‘நன்றி’ போடும் இடத்தில்கூட இல்லை. அம்மா திரும்பிப் பார்த்துவிட்டு எதுவும் கேட்கவில்லை. என் வசனத்துக்குக் கொட்டகையில் கைத்தட்டல் வந்தபோது என்னால் தட்ட முடியவில்லை. யார் படம் என்று சொல்ல விரும்பவில்லை, அதற்காக எழுதவில்லை.

‘அபிமன்யு’வில் (1948) கருணாநிதிக்கும் இதுதான் நடந்தது. எழுதியவர் அவர், திரையில் வந்தது வேறு பெயர். நண்பர்களோடு படம் பார்க்கப் போய்ப் பெயரைக் காணாமல் திரும்பியதை அவரே எழுதியிருக்கிறார். அதைப் படித்தபோது எனக்கு ஆறுதலாக இருந்தது.

அதனால்தான் 1937-இல் தொடங்கிப் பத்து வருஷம் ஒரு வசனகர்த்தாவின் பெயர் ரசிகர்கள் தெரிந்து சொல்கிற பெயராக இருந்தது என்பது எனக்குப் பெரிய விஷயம். நட்சத்திரங்கள் ஆண்ட காலம் அது. ஜெமினி மாதிரி பெரிய ஸ்டூடியோவில் கதை இலாகா என்று வைத்து நாலைந்து பேர் சேர்ந்து எழுதுவார்கள், கொத்தமங்கலம் சுப்பு போன்றவர்கள் அங்கே இருந்தார்கள். தனி ஆளாக, நடிப்போ பாட்டோ இயக்கமோ பக்கத்தில் இல்லாமல், எழுத்தை மட்டும் வைத்து நின்றவர் இளங்கோவன்.


சாக்பீஸ்:

தம்பி, அடுத்த படத்தில் உங்கள் பெயர் வரும்போது இங்கே வந்து சொல்லுங்கள். அம்மாவையும் கூட்டிப் போங்கள்.

கண்ணாம்பாவைப் பற்றி இன்னொன்று நினைவுக்கு வந்தது. 1942-இல் இளங்கோவன் எழுதிய கண்ணகியாக நின்றவர், 1954-இல் ‘மனோகரா’வில் கருணாநிதி எழுதிய பத்மாவதியாக நின்றார். சங்கிலியில் கட்டுண்டு நிற்கும் மகனைப் பொங்கி எழச் சொல்லும் தாய். அதே கருணாநிதி 1964-இல் ‘பூம்புகார்’ எழுதி, விஜயகுமாரியைக் கண்ணகியாக்கி அதே வழக்குரை மன்றத்தில் நிறுத்தினார். இருபத்திரண்டு வருடத்தில் கண்ணகி இரண்டு முறை திரையில் வழக்காடியிருக்கிறாள். இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் கொட்டகைக்காரன் சார் சொன்ன வேறுபாடு எனக்கும் பிடிபடுகிறது. ‘பூம்புகார்’ கண்ணகி முதல் சொல்லிலேயே வென்றுவிட்டவள். நாம் அவள் வெற்றியைக் கேட்கப் போகிறோம். கண்ணாம்பாவின் கண்ணகிக்குச் சிலம்பு உடைகிற வரை தன் வழக்கு நிற்குமா என்று தெரியாது.


ரீல்பெட்டி:

ரெண்டு நாளா இழையைத் திரும்பத் திரும்பப் படிச்சுட்டு, ‘ஹரிதாஸ்’ பார்த்தேன். நேத்து ராத்திரி ‘கண்ணகி’யும். கேமரா பத்தி நான் சொன்னதை மாத்திக்கலை. ஆனா வசனம் வேர் விட்டதுக்கு இவர்தான் காரணம்னு சொன்னது தப்பு. இவர்கிட்ட இருந்து நீளத்தை மட்டும் எடுத்துக்கிட்டவங்க நிறைய, நிறுத்தற இடத்தை எடுத்துக்கிட்டவங்க கம்மி. ஸ்ரீதர் ‘கல்யாணப் பரிசு’ல (1959) வீட்டுப் பேச்சை வெச்சு செஞ்சது வேற வழின்னு நினைச்சிருந்தேன். இப்போ பார்த்தா, எதிராளியைப் பார்த்துப் பேசறதுங்கற ஒரு விஷயத்துல அது இளங்கோவன் பக்கம்தான் வருது.

சாக்பீஸ் அம்மா, ஒரு சந்தேகம். ‘யானோ அரசன் யானே கள்வன்’ வாய்விட்டுப் படிச்சுப் பார்த்தேன். ஒரே மாதிரிதான் வருது. ரெண்டும் ‘நான்’தானே? எங்கே அழுத்தணும்?


சாக்பீஸ்:

நல்ல கேள்வி. ‘யானோ’வில் இருக்கும் ஓ கேள்வியாக வந்து மறுப்பாக முடிவது. நானா அரசன், இல்லை என்பது அதற்குள்ளேயே இருக்கிறது. ‘யானே’யில் இருக்கும் ஏ தேற்றம். நானேதான், ஐயமில்லை. முதல் பாதியில் முடியைக் கழற்றுகிறான், இரண்டாம் பாதியில் குற்றத்தை எடுத்து அணிகிறான். ‘அரசன்’, ‘கள்வன்’ இரண்டையும் அழுத்தாதீர்கள். ஓவையும் ஏவையும் மட்டும் கவனியுங்கள், மற்றது தானாக வரும். எப்படிக் குரலில் கொண்டுவருவது என்பதை ஒலிக்கூடம் சொல்லட்டும்.


ஒலிக்கூடம்:

‘யானோ’வை மேலே தூக்காதீங்க தம்பி, எல்லாரும் கேள்வின்னதும் தூக்குவாங்க. கீழே விடுங்க, தானாக விழட்டும். ‘அரசன்’ சொல்லி நிறுத்துங்க. நிறுத்தணும், ஆனா மூச்சு எடுக்கக்கூடாது. எடுத்தா அவன் உயிர் பிழைச்சுக்குவான். அதே மூச்சில் மிச்சம் இருக்கிறதை வைத்து ‘யானே கள்வன்’. சத்தம் குறைவாகத்தான் வரும். அந்தக் குறைவு போதும். பதிவு பண்ணி அனுப்புங்க, கேட்கிறேன்.